சாஸ்திரி கல்லூரிக்குப் பெயர் தந்தவர் ஆசிரியரா, அரசியலாளரா?

சாட்ஸ்வொர்த் வாசகர் (டர்பன், தென்னாப்பிரிக்கா) கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். எங்கள் தமிழ்ப் பள்ளியில் பெரியவர்களுக்காக மாதந்தோறும் நடக்கும் கூட்டத்தில், இம்முறை வி. எஸ். சீனிவாச சாஸ்திரியைப் பற்றி அரை மணி நேரம் பேசும்படி என்னைப் பணித்திருக்கிறார்கள். கரீஸ் ஃபவுண்டன் மைதானத்துக்கு அருகில் நிற்கும் சாஸ்திரி கல்லூரியில் படித்ததை என் தந்தையின் தலைமுறையினர் எவ்வளவு பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள் என்பதைக் கேட்டே வளர்ந்தவன் நான். ஆனால் அந்தப் பெயருக்கு உரியவர் இந்த நாட்டில் ஏறத்தாழ ஒன்றரை ஆண்டுதான் பணியாற்றினார் என்பதை இப்போதுதான் அறிந்தேன். அவ்வளவு குறுகிய காலத்தில் வந்துபோன ஒருவரின் பெயர் இங்கே எப்படி நிலைத்தது?

கூட்டத்துக்கு வரும் முதியவர் ஒருவர், "நம் ஆட்களைக் கப்பலேற்றி இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பக் கையெழுத்துப் போட்டவர்தானே அவர்?" என்று கேட்டுவிட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அறிந்தவர்கள் உதவ வேண்டுகிறேன்.

ஓய்வுபெற்ற ஆசிரியர் (பீட்டர்மாரிட்ஸ்பர்க்) எழுதிய பதில்:

தம்பி, உங்கள் முதல் கேள்விக்கான விடை அவர் இங்கே வருவதற்கு முந்தைய வாழ்க்கையில் இருக்கிறது. 1869 செப்டம்பர் 22 அன்று கும்பகோணத்தை அடுத்த வலங்கைமானில், வறிய புரோகிதர் குடும்பத்தில் பிறந்தவர் அவர். காந்தியை விடப் பத்து நாள் மூத்தவர். கும்பகோணத்தில் பட்டம் பெற்று, மாயவரத்திலும் சேலத்திலும் ஆசிரியராக இருந்து, 1890களில் சென்னைத் திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளிக்குத் தலைமையாசிரியரானார். 1904இல் அந்தப் பேட்டையில் தொடங்கப்பட்ட கூட்டுறவுப் பண்டகசாலையின் முன்னோடிகளில் ஒருவராகவும் இருந்தார். அரிசியும் பருப்பும் நியாய விலைக்குக் கிடைக்க வேண்டும் என்று அலைந்த தலைமையாசிரியர் என்பதை உங்கள் கூட்டத்தில் அவசியம் சொல்லுங்கள், ஏனெனில் பிரிட்டிஷ் பிரபுக்களோடு எடுத்துக்கொண்ட புகைப்படங்களை மட்டும் பார்ப்பவர்களுக்கு அது தெரியாது.

1907இல் கோகலே நிறுவிய பொதுத்தொண்டு அமைப்பான இந்திய ஊழியர் சங்கத்தில் சேர்ந்து, சொற்ப ஊதியத்தில் பொதுவாழ்க்கைக்கு வந்தார். 1915இல் கோகலே மறைந்த பின் அச்சங்கத்தின் தலைமை அவரிடம் வந்தது. 1919 பிப்ரவரியில் ரௌலட் மசோதாவை எதிர்த்து அவர் ஆற்றிய உரை இந்தியா முழுதும் பேசப்பட்டது. ஆனாலும் அதே மசோதாவை எதிர்த்துக் காந்தி தொடங்கிய சத்தியாக்கிரகத்தை அவர் ஏற்கவில்லை. சட்டத்தை மீறுவதைக் காட்டிலும் வாதாடி மாற்றுவதே முறை என்பது அவர் கொள்கை. இதை ஒரு வகுப்பறைக் குணமாகவே நான் பார்க்கிறேன். எதிரில் இருப்பவர் எவ்வளவு முரடராயினும் பாடத்தைப் பொறுமையாக எடுத்துச் சொன்னால் ஒருநாள் புரிந்துகொள்வார் என்று நம்புகிற குணம் அது. அந்த நம்பிக்கை எங்கே பலித்தது, எங்கே ஏமாந்தது என்பதுதான் அவருடைய அரசியல் வரலாறு.

1927 ஜூன் மாதம், இந்திய அரசின் முதல் ஏஜெண்டாக, அதாவது அதன் பிரதிநிதியாக, இங்கே வந்தார். பதவியை ஏற்கும்படி வற்புறுத்தியவர்களில் காந்தியும் ஒருவர். அரசியல் கொள்கையில் அவ்வளவு தூரம் விலகி நின்ற இருவரிடையே அந்த நட்பு கடைசிவரை குறையவில்லை. வந்தவர் பார்த்தது, நம் பிள்ளைகளுக்கு உயர்நிலைக் கல்வியும் ஆசிரியர் பயிற்சியும் எட்டாத நேட்டாலைத்தான். கல்வி நிலையை ஆராய இந்தியாவிலிருந்து கிச்லு என்னும் கல்வி அதிகாரி வரவழைக்கப்பட்டார். சாஸ்திரி கல்லூரிக் கட்டடத்துக்கான பணத்தை நம் மக்களிடமே திரட்டி, கட்டியபின் மாகாண அரசிடம் ஒப்படைத்து, நடத்தும் செலவை அரசே ஏற்கும்படி செய்தது சாஸ்திரியாரின் சாமர்த்தியம். 1928இல் அடிக்கல் நாட்டப்பட்டது. 1929 அக்டோபரில் கவர்னர் ஜெனரல் ஆத்லோன் பிரபு திறந்துவைத்தார். அதற்குப் பல மாதம் முன்பே, ஜனவரியில், சாஸ்திரியார் ஊர் திரும்பிவிட்டார்.

வெருலம் பக்கத்தவர் எழுதிய பதில்:

ஐயா எழுதியதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் அந்த முதியவரின் கேள்வியை அவர் தொடவே இல்லை. என் பாட்டியின் மூத்த அண்ணன் இருபது பவுன் பணத்தை வாங்கிக்கொண்டு சென்னைக்குக் கப்பலேறியவர். ஒரே ஒரு கடிதம் வந்தது; பிறகு ஒன்றும் இல்லை. ஆகவே எனக்கு இது வெறும் வரலாறு அல்ல.

1926 டிசம்பரில் கேப்டவுனில் தொடங்கிய, இந்திய, தென்னாப்பிரிக்க அரசுகளின் மாநாட்டுக்கு வந்த இந்தியத் தூதுக்குழுவின் தலைவர் முகமது ஹபீபுல்லா; சாஸ்திரியார் அதில் ஓர் உறுப்பினர். எனவே அம்மாநாட்டில் 1927இல் ஏற்பட்ட ஒப்பந்தத்தை அவர் ஒருவர் தலையில் சுமத்துவது சரியாகாது. இந்தியர்களைத் தனிப் பகுதிகளில் ஒதுக்கும் மசோதாவை இந்நாட்டு உள்துறை அமைச்சர் மலான் கைவிட வேண்டும் என்பது இந்தியத் தரப்பின் அவசரத் தேவையாக இருந்தது; மசோதா கைவிடவும்பட்டது. ஈடாக, விரும்பித் திரும்பிச் செல்லும் பெரியவருக்கு 20 பவுனும் பதினாறு வயதுக்கு உட்பட்ட பிள்ளைக்கு 10 பவுனும் கொடுத்து அனுப்பும் திட்டத்தை இந்திய அரசு ஒப்புக்கொண்டது. போனவர் மூன்று ஆண்டுக்குள் பணத்தைத் திருப்பிக் கட்டி மீண்டு வராவிட்டால் இங்கே குடியிருக்கும் உரிமை போய்விடும். தோட்டத்துக் கூலிக்குப் போய்க்கொண்டிருந்த குடும்பம் அந்தத் தொகையை மறுபடி எங்கிருந்து சேர்க்கும்?

கல்வி வசதியைப் பற்றிய உறுதிமொழியும் அதே ஒப்பந்தத்தில்தான் இருந்தது. மேலைநாட்டு வாழ்க்கைத் தரத்துக்கு இசைந்து வாழத் தயாராக இருப்போர் இங்கே முன்னேற இடம் தரப்படும் என்பது அதன் சாரம். பள்ளிக்கூடம் ஒருவருக்கு, கப்பல் இன்னொருவருக்கு. யார் எதற்கு என்பதைப் பெரும்பாலும் மடியில் இருந்த பணமே முடிவு செய்தது என்பது என் கருத்து. சாஸ்திரியார் கல்லூரிக்கு நன்கொடை கேட்ட வீடுகளும் இருபது பவுன் தேவைப்பட்ட வீடுகளும் வேறு வேறு தெருக்களில் இருந்தன.

மலான் என்ற பெயரைச் சொல்லும்போது, அவரே 1948இல் பிரதமராகி நிறவெறி ஆட்சியைச் சட்டமாக்கினார் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். பொறுமையாகப் பாடம் சொன்னால் கேட்பார் என்று நம்பப்பட்ட மாணவர் அவர்.

ஓய்வுபெற்ற ஆசிரியர் மீண்டும் எழுதியது:

வெருலம் அன்பர் சுட்டியது சரி. கல்லூரியின் மீதுள்ள பாசத்தில் நான் அதைத் தாண்டிப் போய்விட்டேன். ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். 1932இல் கேப்டவுனில் நடந்த இரண்டாவது மாநாட்டுக்கும் சாஸ்திரியார் வந்தார். சரோஜினி நாயுடுவும் அக்குழுவில் இருந்தார். இந்நாட்டு இந்தியர்களில் 80 விழுக்காட்டினர் இங்கேயே பிறந்தவர்கள், ஆகவே திருப்பி அனுப்பும் திட்டத்தில் இனி எதிர்பார்க்க ஏறக்குறைய எதுவும் இல்லை என்று அப்போது இரு தரப்பும் ஒப்புக்கொண்டன. அதற்குள் போனவர்கள் போய்விட்டார்கள் என்பதும் உண்மையே.

இந்தியாவில் பின்னர் அவர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத் துணைவேந்தராக 1935 முதல் 1940 வரை இருந்தார். 1946 ஏப்ரலில் காலமானார். கல்வியில் தொடங்கிக் கல்விக்கே திரும்பியவரை அரசியலாளர் என்று மட்டும் அழைக்க எனக்கு மனம் வரவில்லை.

சாட்ஸ்வொர்த் வாசகர் எழுதியது:

இருவருக்கும் நன்றி. திருவல்லிக்கேணிப் பண்டகசாலையில் தொடங்கி, 1927 ஒப்பந்தத்தின் இரண்டு பகுதிகளையும் அடுத்தடுத்து வாசித்துக் காட்டுவதாக முடிவு செய்திருக்கிறேன். வெருலம் அன்பர் இசைந்தால், அவருடைய பாட்டியின் அண்ணன் எழுதிய அந்த ஒரு கடிதத்தைப் பற்றியும், பெயர் குறிப்பிடாமல், சொல்ல விரும்புகிறேன். கூட்டம் ஞாயிறு காலை பத்து மணிக்கு. அந்த முதியவர் எப்போதும் முன்வரிசையில்தான் உட்காருவார்.