காடிலாக் ஃபின்னுக்குப் பயன் பூஜ்யம்: ராஜா சாருக்குப் பதில்

கார்ப்பரேட்டர்:
பழைய கார் படங்கள் போடும் இழையில் விண்டேஜ் ராஜா ஒரு முத்தை உதிர்த்திருக்கிறார். 1950களின் அமெரிக்க காரில் காரணமில்லாத வளைவு ஒன்றுகூட கிடையாதாம். பின்னால் மீன் துடுப்பு மாதிரி ஜோடியாக நிற்கும் தகடு, அதாவது ஃபின்கூட, வேகத்தில் வண்டி அலையாமல் இருக்க வைத்ததாம். அதற்குக் கீழே ஒரு கூட்டமே "அருமை, அருமை" என்று கை தட்டியிருக்கிறது. படித்துவிட்டு சும்மா போக மனசு வரவில்லை, தனி இழை தொடங்குகிறேன்.

அய்யா, ஃபின் எங்கிருந்து வந்தது என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். ஜெனரல் மோட்டார்ஸில் ஸ்டைலிங் பிரிவை நடத்தியவர் ஹார்லி ஏர்ல். இரண்டாம் உலகப் போருக்குள் அமெரிக்கா இறங்கும் முன்பே தன் ஆட்களைக் கூட்டிக்கொண்டு டெட்ராய்ட் பக்கத்திலுள்ள செல்ஃப்ரிட்ஜ் விமானதளத்துக்குப் போனார். அங்கே நின்றது லாக்ஹீட் பி-38 லைட்னிங், இரட்டை வால் போர் விமானம். பார்த்தார்கள், மயங்கினார்கள், வந்து வரைந்தார்கள். போர் முடிந்த பிறகு அதே கம்பெனியின் 1948 காடிலாக்கில் அந்த வால் ஒரு சின்னப் புடைப்பாக முளைத்தது. இதில் காற்று எங்கே வந்தது? விமானத்தைப் பார்த்து ஆசைப்பட்டார்கள், காரில் வைத்தார்கள். பயன் பூஜ்யம்.

விண்டேஜ் ராஜா:
வந்துவிட்டார்! அம்பாசடர் இழையில் உங்கள் தேதியைத் திருத்தியதிலிருந்து நான் எழுதும் ஒவ்வொரு வரியையும் பூதக்கண்ணாடி வைத்துப் படிக்கிறீர்கள். மகிழ்ச்சி சார்.

நான் சொன்னது போட்டிக் கம்பெனியான க்ரைஸ்லரை மனதில் வைத்து. 1957இல் வர்ஜில் எக்ஸ்னர் வடிவமைத்த வண்டிகளைப் பாருங்கள். விண்ட் டனலில், அதாவது காற்றை ஊதிப் பார்க்கும் சோதனைக் கூடத்தில், சோதித்துத்தான் வைத்தோம், பக்கக் காற்று அடிக்கும்போது ஸ்டியரிங்கைத் திருத்திக்கொண்டே இருக்கும் தொல்லை குறைகிறது என்று அந்தக் கம்பெனியே சொன்னது. விஷயம் எளிமையானது. பக்கத்திலிருந்து காற்று தள்ளும் மையம், வண்டியின் எடை மையத்துக்கு முன்னால் இருந்தால் மூக்கு ஒரு பக்கம் திரும்பும். பின்பக்கப் பரப்பைக் கூட்டினால் அந்த மையம் பின்னால் நகரும். அம்புக்கு வாலில் இறகு வைப்பது எதற்காம், அழகுக்கா?

கார்ப்பரேட்டர்:
"கம்பெனியே சொன்னது." ஆகா! விற்கிறவன் சொன்னதே சாட்சி. அப்படிப் பார்த்தால் அந்தக் காலத்து சிகரெட் விளம்பரத்தில் டாக்டர்கூட வருவார், அதையும் நம்பிவிடலாமா?

க்ரைஸ்லரின் 1957 பிளிமத் கார் விளம்பரம் என்ன சொன்னது தெரியுமா? "திடீரென்று 1960 வந்துவிட்டது" என்றது. காற்றைப் பற்றியா பேசினார்கள்? பக்கத்து வீட்டுக்காரன் வண்டி பழசாகிவிட்டது என்று பேசினார்கள். அவசர அவசரமாகக் கொண்டுவந்த அந்த வண்டிகள் சீக்கிரமே துருப்பிடித்து க்ரைஸ்லரின் பெயரைக் கெடுத்தது தனிக் கதை. நான் ஸ்பேனர் பிடித்து வளர்ந்தவன். தகடு எங்கே வீணாகிறது என்று எனக்குத் தெரியும். ஃபின்னுக்குப் பயன் பூஜ்யம்.

சும்மா வந்தவன்:
பாப்கார்ன் எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். தொடருங்கள்.

டெட்ராய்ட்காரன்:
நான் மிச்சிகனில் இருப்பவன். ஆகஸ்ட் மாதம் வுட்வர்டு அவென்யூவில் பழைய கார் ஊர்வலம் நடக்கும்போது 59 காடிலாக் கட்டாயம் கண்ணில் படும். அதன் ஃபின்னையும், நடுவில் துப்பாக்கிக் குண்டு மாதிரி நிற்கும் இரட்டைச் சிவப்பு விளக்கையும் நேரில் பார்த்தவர்கள் இப்படிச் சண்டை போட மாட்டீர்கள்.

இங்கே எல்லோரும் சொல்லும் கதை ஒன்று உண்டு. 1956 ஆகஸ்ட்டில் ஜெனரல் மோட்டார்ஸ் டிசைனர் சக் ஜோர்டன் வண்டியில் போகும்போது, க்ரைஸ்லர் வளாக வேலிக்கு அந்தப் பக்கம் வெளியிடாத 57 பிளிமத்துகள் வரிசையாக நிற்பதைப் பார்த்தார். ஓடிப்போய் மற்றவர்களையும் கூட்டி வந்து காட்டினார். அதற்குப் பிறகு 1959க்குப் போட்டிருந்த வரைபடங்களை எல்லாம் தள்ளி வைத்துவிட்டுப் புதிதாக ஆரம்பித்தார்கள். அப்போது ஏர்ல் ஐரோப்பாவில் இருந்தார். 59 ஃபின் அப்படி வளர்ந்ததுதான்.

கார்ப்பரேட்டர்:
டெட்ராய்ட் தம்பி என் வேலையைச் சுலபமாக்கிவிட்டார். வேலி வழியாக எட்டிப் பார்த்து வளர்த்த ஃபின்! விண்ட் டனல் எங்கே, வேலி எங்கே? ராஜா பதில் சொல்லட்டும்.

விண்டேஜ் ராஜா:
நான் க்ரைஸ்லர் என்கிறேன், நீங்கள் காடிலாக் என்கிறீர்கள். வேலிக்கு அந்தப் பக்கம் நின்ற வண்டிதான் என் வண்டி. காப்பியடித்தவனைக் காட்டி ஒரிஜினலைத் திட்டுவது என்ன நியாயம்?

மீனாள்:
நடுவில் புகுந்ததற்கு மன்னிக்கவும். இரண்டு பேரும் "பயன்" என்கிறீர்களே, யாருக்குப் பயன்? ஓட்டுகிறவருக்கா, விற்கிறவருக்கா? ஆல்ஃபிரட் ஸ்லோன் தலைமையில் இருந்த காலத்திலிருந்தே ஜெனரல் மோட்டார்ஸ் விலை குறைந்த செவர்லேயில் ஆரம்பித்து விலை கூடிய காடிலாக் வரை படிக்கட்டு கட்டி வைத்திருந்தது. ஆண்டுதோறும் மாடல் மாறும். போன வருஷ வண்டி தெருவில் நிற்கும்போதே கூச வேண்டும், அடுத்த படிக்கு ஏற ஆசை வர வேண்டும். மில்வாக்கி டிசைனர் ப்ரூக்ஸ் ஸ்டீவன்ஸ் 1954இலேயே இதை ஒளிவுமறைவில்லாமல் மேடையில் பேசினார்: வாங்குபவருக்கு இன்னும் கொஞ்சம் புதியது, இன்னும் கொஞ்சம் நல்லது, தேவைப்படும் நாளுக்குக் கொஞ்சம் முன்பே வேண்டும் என்ற ஆசையை ஊட்டுவதுதான் எங்கள் வேலை என்று. அந்த வேலையை ஃபின் பிரமாதமாகச் செய்தது. "பயன்" என்றால் என்ன என்று முதலில் முடிவு செய்துகொள்ளுங்களேன்.

கார்ப்பரேட்டர்:
மேடம் சொல்வதும் என் கட்சிதான். ஃபின்னுக்குப் பயன் பூஜ்யம்.

மீனாள்:
நான் அப்படிச் சொல்லவே இல்லையே!

விண்டேஜ் ராஜா:
விடுங்கள் மேடம், அவருக்கு எல்லாமே அவர் கட்சிதான்.

கார்ப்பரேட்டர் சார், செக்கோஸ்லோவாக்கியாவின் டாட்ரா 77 தெரியுமா? 1934. பின்னால் நடுமுதுகில் ஒரு ஃபின். ஹார்லி ஏர்ல் அந்த இரட்டை வால் விமானத்தைப் பார்க்கும் முன்பே வந்தது. அடுத்து ஜாகுவார் டி-டைப் பந்தயக் கார். ஓட்டுநர் தலைக்குப் பின்னால் ஃபின்னோடு 1955இல் லெ மான் பந்தயத்தை ஜெயித்தது. அவர்களும் அழகுக்குத்தான் வைத்தார்களா?

கார்ப்பரேட்டர்:
டாட்ரா, ஜாகுவார் எல்லாம் நடுவில் ஒற்றை ஃபின். லெ மான் வேகம் என்ன, அமெரிக்கப் புறநகரில் பால் வாங்கப் போகும் வேகம் என்ன? காற்றின் விளைவு தெரிய நெடுஞ்சாலை வேகம் வேண்டும். அமெரிக்காவில் மாநிலங்களை இணைக்கும் இன்டர்ஸ்டேட் நெடுஞ்சாலைச் சட்டமே 1956இல்தான் வந்தது. ஃபின் 1948. சாலை வருவதற்கு எட்டு வருஷம் முன்பே ஃபின் எதற்கு? மருமகன் தேடும் முன்பே தொட்டில் வாங்கினார்களா?

விண்டேஜ் ராஜா:
பென்சில்வேனியா டர்ன்பைக் என்ற சுங்க நெடுஞ்சாலை திறந்தது 1940. தேதி விஷயத்தில் உங்களுக்கு ராசியே இல்லை சார். அம்பாசடர் இழை நினைவிருக்கிறதா?

கார்ப்பரேட்டர்:
அம்பாசடரை இழுக்க வேண்டாம். அது தட்டச்சுப் பிழை என்று அப்போதே சொல்லிவிட்டேன். ஒரு டர்ன்பைக்கை வைத்து நாடு முழுக்க ஃபின் விற்றார்களா?

பென்ஸ் பிரியன்:
1959இல் மெர்சிடிஸும் சின்ன ஃபின் வைத்தது. ரிவர்ஸ் எடுக்கும்போது வண்டியின் பின் மூலை எங்கே முடிகிறது என்று தெரியத்தான் என்று ஜெர்மன்காரர்கள் விளக்கம் சொன்னார்கள். ஆகப் பயன் இருக்கிறது.

டெட்ராய்ட்காரன்:
இன்னொன்று. 48 காடிலாக்கில் இடது பக்க ஃபின் விளக்கைத் தூக்கினால் உள்ளே பெட்ரோல் மூடி. 57 செவர்லேயிலும் இடது ஃபின் ஓரத்து குரோம் பட்டைக்குப் பின்னால்தான் மூடி.

சும்மா வந்தவன்:
கேஸ் முடிந்தது. பெட்ரோல் போடவும் பார்க்கிங் போடவும் ஃபின். பயன் இரண்டு.

கார்ப்பரேட்டர்:
கிண்டல் போதும். பெட்ரோல் மூடி ஒளித்து வைக்க அந்த உயரத்துக்குத் தகடு வேண்டுமா? மெர்சிடிஸ் கதை இன்னும் மோசம். அமெரிக்கச் சந்தைக்கு ஆசைப்பட்டு வைத்துவிட்டு, வெட்கத்தை மறைக்க பார்க்கிங் என்றார்கள். ஜெர்மன்காரன் சொன்னால் நம்மவர்களுக்கு வேதவாக்கு.

பென்ஸ் பிரியன்:
பென்ஸ் ஓட்டிப் பார்க்காதவர்கள் பென்ஸ் பற்றி எழுதலாமா?

கார்ப்பரேட்டர்:
ஓட்டியதில்லை. கழற்றியிருக்கிறேன்.

சும்மா வந்தவன்:
நம்ம பிரீமியர் பத்மினியிலும் பின்னால் குட்டி ஃபின் இருந்ததே. அமெரிக்க மோகம் இத்தாலி ஃபியட்டுக்குப் போய், அங்கிருந்து பம்பாய் டாக்ஸி வரை வந்து சேர்ந்திருக்கிறது. பம்பாய் நெரிசலில் அது எந்தக் காற்றைத் தாங்கியது என்று ராஜா சொன்னால் தேவலை.

விண்டேஜ் ராஜா:
பத்மினி பற்றி யாரும் கேவலமாகப் பேச வேண்டாம். அம்பாசடர் கட்சிக்காரர்கள் ஒன்று சேர்ந்துவிட்டீர்கள் என்று புரிகிறது.

சும்மா வந்தவன்:
நான் பஸ் கட்சி சார்.

கார்ப்பரேட்டர்:
பொருளுக்கு வருவோம். அந்தக் காலத்து அமெரிக்காவில் உண்மையான பயனுள்ள டிசைன் வேண்டுமானால் டப்பர்வேரைப் பாருங்கள். ஏர்ல் டப்பர் 1940களில் கொண்டுவந்த பிளாஸ்டிக் டப்பா. மூடியை அழுத்தி ஒரு ஓரத்தைத் தூக்கிக் காற்றை வெளியேற்றினால் உள்ளே இருப்பது கெடாது. ஒரு அலங்காரம் கிடையாது. அது டிசைன். ஃபின் வேஷம்.

மீனாள்:
அந்தப் பயனுள்ள டப்பா கடையில் தூங்கியது தெரியுமா? மூடியை எப்படிப் போடுவது என்றே யாருக்கும் புரியவில்லை. ப்ரௌனி வைஸ் என்ற பெண்மணி வீட்டுக்கு வீடு பெண்களைக் கூட்டி, செய்து காட்டி விற்றார். அதைப் பார்த்து 1951இல் டப்பர் கடைகளிலிருந்தே சரக்கை எடுத்துவிட்டு முழுக்க வீட்டு விருந்து விற்பனைக்கு மாறினார். 1954இல் பிசினஸ் வீக் அட்டையில் வந்த முதல் பெண் அவர்தான். 1958இல் அவரை வெளியே அனுப்பினார்கள். நீங்கள் டப்பர் பெயர் மட்டும் சொல்கிறீர்கள்.

கார்ப்பரேட்டர்:
அது விற்பனை மேடம். நான் டிசைன் பேசுகிறேன்.

மீனாள்:
ஓகோ. டப்பா விற்றது விற்பனை, கணக்கில் சேராது. ஃபின் விற்றது ஏமாற்று. ஏர்ல் டப்பர் மேதை, ப்ரௌனி வைஸ் கணக்கிலேயே இல்லை. பெண்கள் செய்த வேலை என்றால் உங்கள் கண்ணுக்குத் தெரியாது என்று போன தடவை மிக்ஸி விவாதத்திலும் பார்த்தேன்.

கார்ப்பரேட்டர்:
மிக்ஸியை எதற்கு இழுக்கிறீர்கள்? நான் பெண்களை மதிப்பவன். ஃபின்னுக்குப் பயன் பூஜ்யம் என்பதில் ஆண் பெண் பேதம் இல்லை.

செஞ்சட்டை:
எல்லோரும் மறந்த ஒன்று. 1959 ஜூலையில் மாஸ்கோ சொகோல்னிகி பூங்காவில் அமெரிக்கா கண்காட்சி போட்டது. மாதிரி வீட்டுச் சமையலறை முன் அமெரிக்கத் துணை அதிபர் நிக்சன் நின்று வாஷிங் மெஷின் பெருமை பேசினார். சாப்பாட்டை வாயில் வைத்துத் தள்ளிவிடவும் மெஷின் வைத்திருக்கிறீர்களா என்று சோவியத் தலைவர் குருசேவ் கேட்டாரே, அந்தக் கேள்விக்கு இன்றுவரை பதில் இல்லை. உங்கள் ஃபின்னுக்கும் சேர்த்துக் கேட்டது அது.

விண்டேஜ் ராஜா:
தோழர், கேள்வி கேட்டவர் ஊரில் வாஷிங் மெஷினுக்கு வரிசையில் நின்றார்கள். அதையும் எழுதுங்கள்.

செஞ்சட்டை:
வரிசையில் நின்றார்கள், கடனில் மூழ்கவில்லை.

கார்ப்பரேட்டர்:
அரசியல் வேண்டாம் என்று விதி இருக்கிறது. அமெரிக்காவிலேயே இதைத் திட்டியவர்கள் உண்டு. ஸ்டூடபேக்கர் கார்களுக்கு வடிவம் கொடுத்த ரேமண்ட் லோவி, டெட்ராய்ட் வண்டிகளைச் சக்கரம் வைத்த ஜூக்பாக்ஸ் (காசு போட்டால் பாடும் பளபளப்பான பெட்டி) என்று 1955இலேயே எழுதினார். தொழிலில் ஊறியவர் வாயிலிருந்து வந்த வார்த்தை. அப்புறம் ரால்ஃப் நாடெர் 1965இல் கார் பாதுகாப்பு பற்றி எழுதிய புத்தகத்தில், காடிலாக் ஃபின் கூர்மை பாதசாரிகளையும் சைக்கிளில் வருபவர்களையும் என்ன செய்யும் என்று எழுதியிருக்கிறார். ஆக, பயன் பூஜ்யத்துக்கும் கீழே.

விண்டேஜ் ராஜா:
லோவி சொன்னதை எடுத்துக்கொண்டீர்களே, அவர் குளிர்சாதனப் பெட்டிக்கும் பென்சில் சீவும் கருவிக்கும் ஸ்ட்ரீம்லைன் வடிவம், அதாவது காற்றைக் கிழித்துப் போகும் வடிவம், கொடுத்தவர். பென்சில் சீவும்போது எந்தப் புயல் அடித்தது? நாடெர் புத்தகத்தின் முதல் அத்தியாயமே செவர்லே கார்வேர் பற்றி. அதில் ஃபின்னே கிடையாது! பாதுகாப்புக் குறைபாட்டுக்கு ஃபின் தேவையில்லை என்று நீங்களே நிரூபித்துவிட்டீர்கள்.

கார்ப்பரேட்டர்:
திரிக்காதீர்கள். முதல் அத்தியாயம் என்ன என்று நான் கேட்டேனா? ஒரே ஒரு கேள்வி, நேராகப் பதில் வேண்டும். ஃபின் அவ்வளவு பயனுள்ளது என்றால் 1960 காடிலாக்கில் ஏன் குறைத்தார்கள்? 1965இல் ஏன் எடுத்தே விட்டார்கள்? காற்று அடிப்பது நின்றுவிட்டதா?

விண்டேஜ் ராஜா:
நான் காடிலாக் என்று சொல்லவே இல்லை. எத்தனை தடவை சொல்வது? க்ரைஸ்லர், க்ரைஸ்லர், க்ரைஸ்லர்.

கார்ப்பரேட்டர்:
க்ரைஸ்லரிலும்தான் எடுத்தார்கள்! எக்ஸ்னரையும் 1961இல் அந்தப் பதவியிலிருந்து இறக்கினார்கள். விண்ட் டனல் அவரைக் காப்பாற்றவில்லை.

விண்டேஜ் ராஜா:
ஆளை இறக்கியதால் இயற்பியல் மாறிவிடுமா?

டெட்ராய்ட்காரன்:
59 காடிலாக் பின்பக்கத்தைப் போன வருஷ ஊர்வலத்தில் எடுத்த படம் இருக்கிறது, போடட்டுமா? சண்டையாவது அழகாக இருக்கும்.

கார்ப்பரேட்டர்:
படம் வேண்டாம் தம்பி. படம் பார்த்து மயங்கித்தான் இவ்வளவு பேர் கெட்டார்கள். ராஜா கணக்குப் போட்டுக் காட்டட்டும். வண்டி வேகம், காற்று வேகம், ஃபின் பரப்பு, எல்லாம் எண்ணாக வேண்டும்.

விண்டேஜ் ராஜா:
போடுகிறேன். அதற்கு முன் அம்பாசடர் தேதி தவறு என்று இங்கே எல்லோர் முன்னாலும் எழுதுங்கள்.

கார்ப்பரேட்டர்:
தட்டச்சுப் பிழை!

மீனாள்:
ப்ரௌனி வைஸ் பற்றி நான் கேட்டதற்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.

கார்ப்பரேட்டர்:
மேடம், ஃபின் முடியட்டும், அப்புறம் டப்பாவுக்கு வருகிறேன்.