தோளைத் தொட்டு எழுப்பிய இரவு: போரிலிருந்து திரும்பியவர்களோடு நேர்ந்தவை

காத்திருப்பவள்

போர் போன்ற பேரதிர்ச்சிக்குப் பின் வரும் மனநோயை (PTSD), அதன் கொடுங்கனவு, தூக்கமின்மை, கூட்டத்தைக் கண்டால் விலகிப் போவது ஆகியவற்றை இந்தக் குழுவில் எழுதுபவர்கள் அறிவீர்கள். நான் விளக்கப் போவதில்லை. என் கணவர் படையிலிருந்து விலகி மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. அன்றிரவு அவர் பல்லைக் கடித்து முனகியதைக் கேட்டு, எழுப்பிவிடலாம் என்று தோளைத் தொட்டேன். கண் இமைப்பதற்குள் என் மணிக்கட்டு அவர் பிடியில் இருந்தது. அவருடைய கண்கள் நன்றாகத் திறந்திருந்தன. ஆனால் நான் யார் என்பது அவருக்குத் தெரியவில்லை. என் பெயரை நானே இரண்டு முறை சொன்ன பிறகுதான் பிடி தளர்ந்தது. பதற்றத்தில் எழுந்து விளக்கைப் போட்டேன். மணிக்கட்டில் பதிந்திருந்த விரல் தடங்களை அவர் பார்த்தார், ஒன்றும் சொல்லாமல் தலையணையை எடுத்துக்கொண்டு அடுத்த அறைக்குப் போனார். 14 மாதங்களாக அங்கேதான் படுக்கிறார். அவர் பிடித்ததை நான் எப்போதோ மறந்துவிட்டேன். விளக்கை ஏன் போட்டேன் என்பதுதான் இன்னும் உறுத்துகிறது.

பழைய ஓட்டுநர்

நான் படையில் சரக்கு வண்டி ஓட்டியவன். சாலையோரத்தில் கிடக்கும் எதற்குள்ளும் வெடிகுண்டு இருக்கலாம், ஆகவே ஓரத்தை விட்டு நடுச்சாலையில், நிற்காமல் போக வேண்டும் என்பதே அங்கே எங்களுக்குப் பாடம். ஊர் திரும்பி ஓராண்டுக்கு மேல் ஆன பிறகு, பின்னிருக்கையில் மகளை வைத்துக்கொண்டு போனபோது ஓரத்தில் ஒரு சாக்குமூட்டை கிடந்தது. அது வெறும் மூட்டை என்று எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டிருக்கும்போதே கைகள் வண்டியை எதிர்த் தடத்துக்குத் திருப்பிவிட்டன. எதிரே வந்த லாரிக்காரர் ஒலி எழுப்பிக்கொண்டே ஒதுங்கியதால் பிழைத்தோம். வண்டியை நிறுத்தியதும் மகள், "அப்பா, அந்த மூட்டையில் என்ன இருந்தது?" என்று கேட்டாள். அவளுக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை.

படித்தறிந்தவன்

என் அண்ணன் படையில் இருந்தவர். உணவகத்துக்குப் போனால் சுவரில் முதுகு படும்படியும் வாசல் தெரியும்படியும் இடம் கிடைக்கும்வரை உட்கார மாட்டார். ஒருமுறை அப்படி இடம் இல்லாததால் நாங்கள் சாப்பிடாமலேயே திரும்பினோம். என் அனுபவம் அவ்வளவுதான்.

முதலில் எழுதிய சகோதரிக்கு ஒன்று சொல்ல வேண்டும்: தொட்டது தவறு. இப்படிப்பட்டவரை எழுப்பும்போது கை எட்டாத தொலைவில் நின்று, பெயர் சொல்லி அழைத்து, அவர் எங்கே இருக்கிறார் என்பதை நிதானமாகச் சொல்ல வேண்டும். மூன்று ஆண்டு கழித்து வருவது போரின் விளைவாக இருக்காது என்று சிலர் சொல்லக்கூடும், அதை நம்பாதீர்கள். அறிகுறிகள் ஒரு மாதத்துக்கு மேல் நீடித்தால்தான் இந்த நோயென்று முடிவு செய்வார்கள் என்பது உண்மை, ஆனால் அவை முழுமையாக வெளிப்படவே ஆறு மாதமோ பல ஆண்டுகளோ ஆவதும் உண்டு. மது தூக்கத்தைக் கெடுத்து நிலைமையை மோசமாக்கும். பதற்றத்தைத் தணிக்கவும் தூங்கவும் தரப்படும் பென்சோடையசெபைன் வகை மாத்திரைகளை இந்த நோய்க்குப் பரிந்துரைப்பதில்லை. நடந்ததைத் திரும்பத் திரும்பச் சொல்லி அதன் பிடியைத் தளர்த்தும் சிகிச்சை பொதுவாக 8 முதல் 15 அமர்வுகள் நடக்கும். 'எல்லாம் என்னால்தான்' என்பது போன்ற முடிவுகளைச் சோதித்துப் பார்க்கும் சிகிச்சைக்கு வழக்கமாக 12 அமர்வுகள். கனவுகளுக்குப் பிரசோசின் மாத்திரை நிச்சயம் பலன் தரும். அவரைக் கட்டாயப்படுத்தியாவது அழைத்துச் செல்லுங்கள்.

மருத்துவ உதவியாளராக இருந்தவன்

முந்தைய நண்பருக்கு: உறக்கத்தில் முனகுபவரைத் தொட்டு எழுப்புவது எந்த மனைவியும் செய்யக்கூடியதுதான், 14 மாதம் கழித்து அவரிடம் அதைத் தவறு என்று எழுதி என்ன பயன்? பிரசோசின் பற்றி நீங்கள் அடித்துச் சொல்வதும் சரியல்ல. முன்னாள் படைவீரர்களிடம் நடந்து 2018-இல் வெளியான பெரிய ஆய்வில் அது மருந்தே இல்லாத வெற்று மாத்திரையைவிட மேலாகச் செயல்படவில்லை. ஆயினும் சிலருக்கு உதவுகிறது என்பதால் மருத்துவர்கள் இன்னும் கொடுக்கிறார்கள். கட்டாயப்படுத்தி அழைத்துச் சென்றால் முதல் அமர்வுக்கு வருவார், இரண்டாவதற்கு வர மாட்டார். முதல் உலகப் போரில் இந்த நோய்க்கு 'குண்டதிர்ச்சி' என்று பெயரிட்டு, வெடிப்பின் அதிர்வே மூளையைக் கெடுத்தது என்று முதலில் எண்ணினார்கள்; குண்டு விழுந்த இடத்துக்கு அருகிலேயே இராதவர்களுக்கும் அது வந்தபோது கோழைகள் என்று பழித்தவர்களும் உண்டு. இன்றைய பெயரோடு அது அமெரிக்க மனநோய்க் கையேட்டில் இடம்பெற்றது 1980-இல்தான். அந்தப் பழிச்சொல்லின் மிச்சம் எங்கள் காதில் இன்னும் ஒலிப்பதால்தான் மருத்துவரிடம் போகக் கால் எழுவதில்லை.

என்னுடையது சிறிய விஷயம். பக்கத்து வீட்டுப் பையன் சைக்கிளிலிருந்து விழுந்து முழங்காலைச் சிராய்த்துக்கொண்டான். ஓடிப்போய்த் தூக்கியது வரை நினைவிருக்கிறது. சுயநினைவு வந்தபோது என் இடுப்பு வார் அவன் தொடையில் இறுக்கிக் கட்டப்பட்டிருந்தது. நான் சட்டைப்பையில் பேனாவைத் தேடிக்கொண்டிருந்தேன். இரத்தத்தை நிறுத்தக் கட்டுப் போட்டால் கட்டிய நேரத்தைக் குறித்துவைக்க வேண்டும் என்பது விதி. பையன் காயத்துக்காக அழவில்லை, வார் இறுகியதால் அழுதான். எனக்குப் பயமோ பதற்றமோ இல்லை, பேனா கிடைக்கவில்லையே என்ற கவலை மட்டும் இருந்தது. அங்கே ஒரு முறை நேரத்தைக் குறிக்காமல் விட்டிருக்கிறேன். அதற்கு மேல் எழுத இயலவில்லை.

காத்திருப்பவள்

அனைவரும் எழுதியதைப் படித்தேன். மருத்துவரிடம் வர அவர் இன்னும் இசையவில்லை, நானும் வற்புறுத்தவில்லை. நேற்றிரவு மறுபடியும் முனகல் கேட்டது. அறை வாசலிலேயே நின்று பெயர் சொல்லி அழைத்தேன், வீட்டில்தான் இருக்கிறீர்கள் என்றேன். நான்காவது முறை அழைத்தபோது எழுந்து உட்கார்ந்து, "எவ்வளவு நேரமாக நிற்கிறாய்?" என்று கேட்டார். இப்போதுதான் வந்தேன் என்று சொல்லிவிட்டு வாசற்படியிலேயே உட்கார்ந்துகொண்டேன். விளக்கைப் போடவில்லை.