31ஆம் நாள் முடிந்ததும் கையெழுத்துக் கேட்கிறார்கள், போடலாமா?

களுவாஞ்சிகுடி அக்கா

என் தம்பி ஆறு வருடமாக அரிசி ஆலை லொறியில் உதவியாளாகப் போய் வந்தவன். மாசி மாதம் கொழும்புக்கு அரிசி ஏற்றிக்கொண்டு போகும்போது, வெலிகந்தை தாண்டி வீதியோரம் விளக்கு எதுவும் போடாமல் நிறுத்தியிருந்த டிப்பரில் லொறி மோதிவிட்டது. அவன் இருந்த பக்கம்தான் அடிபட்டது. அந்த இடத்திலேயே போய்விட்டான். வயது 34. மச்சாளுக்கு இரண்டு பிள்ளைகள், மூத்தவள் ஆண்டு மூன்று படிக்கிறாள்.

முதலாளியைக் கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். பொலன்னறுவையிலிருந்து உடலைக் கொண்டுவர வாகனம் அனுப்பியது, பெட்டி, பந்தல், சாப்பாடு எல்லாம் அவர்தான். 31ஆம் நாள் முடிந்த மறுநாள் அவருடைய கணக்கப்பிள்ளை வந்தார். ஒரு கவரில் ஒன்றரை இலட்சம், அதோடு ஒரு கடதாசி. 'முழு நட்டஈட்டையும் பெற்றுக்கொண்டேன், இனி எந்தக் கோரிக்கையும் இல்லை' என்று அடித்திருக்கிறது. மச்சாளின் பெயர், அடையாள அட்டை இலக்கம் எல்லாம் நிரப்பி, முத்திரையும் ஒட்டிக் கொண்டுவந்தார். கையெழுத்து மட்டும்தான் மிச்சம். மச்சாள் பேனையைக் கையில் எடுத்துவிட்டாள். நான்தான் "கவரும் கடதாசியும் இருக்கட்டும், வாசித்துவிட்டு வியாழக்கிழமை சொல்கிறோம்" என்று அனுப்பினேன்.

தம்பிக்கு நியமனக் கடிதம் இல்லை, சம்பளத் துண்டு இல்லை. ஒரு ட்ரிப்புக்கு இவ்வளவு என்று கைக்காசுதான். ஈ.பி.எஃப் (ஊழியர் சேமலாப நிதி) கட்டினார்களா என்பதும் தெரியாது. கேட்க எங்களுக்கு உரிமை இருக்கிறதா? கேட்கப்போய் இந்தக் காசும் இல்லாமல் போய்விடுமோ என்று அம்மா பயப்படுகிறா.

தம்பிலுவில்காரி

தங்கச்சி, கையெழுத்துப் போட விடாதீர்கள். வேலையில் ஒருவர் இறந்தால் முதலாளி நட்டஈட்டைக் குடும்பத்தின் கையில் கொடுத்துக் கணக்கை முடிக்க ஏலாது. 1934ஆம் ஆண்டின் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டப்படி அதைக் கொழும்பு நாரஹேன்பிட்டியில் இருக்கிற நட்டஈட்டு ஆணையாளரிடம் வைப்பிலிட வேண்டும். மனைவி, பிள்ளைகள், அவரை நம்பி இருந்த பெற்றோர் என்று யாருக்கு எவ்வளவு என்பதை அவர்தான் பிரிப்பார். 'இனிக் கோரிக்கை இல்லை' என்று எழுதி வாங்கினால் அந்த உரிமை போய்விடாது. ஆனால் போட்ட கையெழுத்துச் செல்லாது என்று காட்ட நாம்தானே அலைய வேண்டும்?

என் கணவர் 2017இல் போனார். வீதி வேலைக்குக் கிறவல் ஏற்றிய டிப்பர் புரண்டது. கம்பனி, அவர் தங்களுடைய தொழிலாளியே இல்லை, ட்ரிப் அடிக்கிற ஆள் என்று சொன்னது. என்னிடம் காட்ட ஒரு துண்டுக் கடதாசிகூட இருக்கவில்லை. பொலிஸ் திருப்பித் தந்த உடுப்பு ஒரு ஷொப்பிங் பையில் கட்டியபடி அலுமாரிக்கு மேலே மூன்று மாதம் கிடந்தது. திறக்க மனம் வரவில்லை. ஒருநாள் திறந்தேன். சேர்ட் பொக்கற்றில் இரண்டு டீசல் சிட்டை. கம்பனி சீல், டிப்பர் இலக்கம், அவருடைய கையெழுத்து. ஒன்று பாதி கறை பட்டிருந்தது. விசாரணை செய்த ஐயா அதை வெளிச்சத்துக்கு நேரே பிடித்து வாசித்தார். அதற்குப் பிறகு கம்பனிக்காரர் 'தொழிலாளியே இல்லை' என்ற கதையை எடுக்கவில்லை.

அக்கரைப்பற்றில் இரவு பஸ் ஏறி நான்கு தடவை போனேன். அப்போது உச்சத்தொகையே 550,000 ரூபாய்தான். 2022இல் திருத்தி 20 இலட்சம் ஆக்கியிருக்கிறார்கள். எல்லோருக்கும் முழுதும் கிடைக்காது, சம்பளத்தை வைத்துத்தான் கணக்குப் பார்ப்பார்கள். அதனால் தம்பி எவ்வளவு உழைத்தார் என்பதற்குச் சாட்சி தேடுங்கள். அவருடைய பைகளைப் பாருங்கள், போனையும் பாருங்கள்.

பழைய கிளாக்கர், மட்டக்களப்பு

மேலே சொன்னது சரி. அதோடு இன்னும் இரண்டு விடயம்.

ஈ.பி.எஃப்க்குத் தொழிலாளி 8 வீதம், முதலாளி 12 வீதம், ஈ.டி.எஃப்க்கு (ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதி) முதலாளி 3 வீதம். கட்டாமல் விட்டிருந்தால் தொழில் திணைக்களத்தில் முறைப்பாடு கொடுங்கள், ஆள் இறந்த பிறகும் அறவிடலாம். ஆலையில் 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்திருந்தால் பணிக்கொடையும் (வேலை செய்த வருடங்களுக்கான ஒருமுறைத் தொகை) உண்டு, ஐந்து வருடம் கடந்துவிட்டதே. மாதச் சம்பளக்காரருக்கு வருடத்துக்கு அரை மாதச் சம்பளம், மற்றவர்களுக்கு 14 நாள் கூலி.

அடுத்தது அந்த டிப்பர். அதை எல்லோரும் மறந்துவிடுவார்கள். மூன்றாந் தரப்புக் காப்புறுதி (வாகனத்தால் மற்றவருக்கு வரும் பாதிப்புக்கானது) இல்லாமல் வாகனம் ஓட ஏலாது. இருட்டில் விளக்கில்லாமல் நிறுத்தியது அவர்கள் பிழை என்றால் அவர்கள் மீது மாவட்ட நீதிமன்றத்தில் சிவில் வழக்குப் போடலாம். ஆனால் 2 வருடத்துக்குள் போட வேண்டும். பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி, பிரேத பரிசோதனை அறிக்கை, மரணச் சான்றிதழ் மூன்றையும் இப்போதே எடுத்து வையுங்கள். வக்கீலுக்குக் காசு இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போகலாம், மட்டக்களப்பிலும் அலுவலகம் இருக்கிறது. முதலாளியிடம் ஒரே மரணத்துக்கு நட்டஈட்டு ஆணையாளர், சிவில் வழக்கு என்று இரண்டு வழியிலும் கேட்க ஏலாது, எது நல்லது என்று அவர்களிடம் கேட்டுவிட்டு இறங்குங்கள்.

ஒலுவில் வாசகர்

எங்கள் மச்சான் போன வருடம் வேலைக்குப் போகிற வழியில் மோட்டார் சைக்கிளில் அடிபட்டு மௌத்தாகிவிட்டார். வேலைத்தலத்தில் நடக்கவில்லை என்று சொல்லி ஒன்றும் தரவில்லையே?

பழைய கிளாக்கர், மட்டக்களப்பு

2022 திருத்தம் வேலைக்குப் போகிற வழியையும் திரும்பி வருகிற வழியையும் சேர்த்துவிட்டது. விண்ணப்பியுங்கள் தம்பி, நாளைக் கடத்த வேண்டாம்.

களுவாஞ்சிகுடி அக்கா

எல்லோருக்கும் நன்றி. நேற்று இரவு மச்சாளும் நானும் தேடினோம். டீவிக்குக் கீழே லாச்சியில் ஒரு சின்னக் கொப்பி. நான்கு வருடத்து ட்ரிப் எல்லாம் எழுதியிருக்கிறான். திகதி, எத்தனை மூடை, எந்தக் கடைக்கு, எவ்வளவு காசு. காசு வாங்கிய இடத்திலெல்லாம் கணக்கப்பிள்ளையின் சின்னக் கையெழுத்து இருக்கிறது. கவர் கொண்டுவந்த அதே ஆள்தான். கடைசிப் பக்கத்தில் 'அட்வான்ஸ் 3,000, மூத்தவளுக்குச் சப்பாத்து' என்று இருக்கிறது. மச்சாள் அதைப் பார்த்துவிட்டு எழும்பவே இல்லை.

இந்த ஒன்றரை இலட்சத்தை என்ன செய்ய? திருப்பிக் கொடுக்கவா?

தம்பிலுவில்காரி

திருப்பிக் கொடுக்க வேண்டாம். மரணச் செலவுக்கான உதவி என்று நீங்களே ஒரு பற்றுச்சீட்டு எழுதிக் கொடுங்கள். அவர் அடித்து வந்த கடதாசியை மட்டும் கையெழுத்தில்லாமல் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். ஒரு பிரதி எடுத்து வைத்துக்கொண்டு.

களுவாஞ்சிகுடி அக்கா

சரி அக்கா. செவ்வாய்க்கிழமை மச்சாளோடு மட்டக்களப்புத் தொழில் திணைக்களத்துக்குப் போகிறோம். கொப்பியை முழுக்கப் போட்டோக்கொப்பி எடுத்துவிட்டேன். அசல் அம்மாவின் ட்ரங்குப் பெட்டிக்குள் இருக்கிறது.