வார்சாவின் ‘பழைய’ நகரத்தில் நான் ஏமாந்த கதை

வேலை விஷயமாக வார்சாவில் இரண்டு மாதம் இருந்தேன். முதல் ஞாயிறு பழைய நகரச் சதுக்கத்தில் நின்று, “எல்லாம் முந்நூறு வருஷத்துக் கட்டடம்” என்று வீடியோ காலில் அம்மாவுக்குக் காட்டிக்கொண்டிருந்தேன். கூட வந்த போலந்துக்காரர் சிரித்துவிட்டார். “எங்க பாட்டி இதைவிட மூத்தவங்க.”

ஜெர்மன் ஆக்கிரமிப்பை எதிர்த்து நகர மக்கள் நடத்திய 1944 எழுச்சியை அடக்கியபின் ஜெர்மன் படை வெடி வைத்துத் தகர்த்த நகரம் அது. சதுக்கம் மறுபடி எழுந்தது 1953-இல். 18-ஆம் நூற்றாண்டில் பெலோட்டோ என்ற இத்தாலிய ஓவியர் வரைந்த ஓவியங்களையும் பார்த்துக் கட்டினார்கள். ஆனால் முகப்பு மட்டும்தான் பழைய மாதிரி. ஒரு வளைவுக்குள் நுழைந்து பின்பக்கம் போனேன். மரங்களோடு நல்ல விசாலமான முற்றம். போருக்கு முன் அங்கே நெருக்கியடித்து நின்ற பின்கட்டு வீடுகளை வேண்டுமென்றே விட்டுவிட்டார்களாம். குடியிருப்பவர்களுக்குக் காற்றும் வெளிச்சமும் வேண்டும் என்பது கம்யூனிஸ்ட் அரசின் கணக்கு. எனக்கு அது தப்பாகத் தெரியவில்லை. ஆனால் 1945-இல் ஒரே ஆணையில் நகரத்து நிலத்தையெல்லாம் பொதுச்சொத்தாக்கியதால்தான் இப்படி நினைத்தபடி கட்ட முடிந்தது. நிலத்தை இழந்தவர்களின் வழக்குகள் பல பத்தாண்டுகள் இழுத்தன.

• • •

மேலே எழுதியவர் இருந்தது வார்சாவில்; நான் படித்தது போலந்தின் இன்னொரு நகரமான வ்ரோத்ஸ்வாஃபில். வார்சாவின் அழகைப் புகழ்ந்தால் எங்கள் வீட்டுக்கார அம்மாவுக்கு மூக்குமேல் கோபம் வரும். “எங்க செங்கல்!” என்பார். சும்மா சொல்லவில்லை. போர் முடிந்தபின் அந்த ஊர்க் கட்டடங்களை இடித்து, செங்கல்லைத் தலைநகருக்கு அனுப்பியது உண்மை. போருக்குப் பின் ஜெர்மனியிடமிருந்து வந்த ஊர்தானே என்ற இளக்காரமும் இருந்திருக்கும் என்பது என் ஊகம்.

• • •

நான் மூன்றாவது ஆள். முதலில் எழுதியவர் வார்சாவின் அரச அரண்மனையை விட்டுவிட்டார். சதுக்கத்திலிருந்து நாலு நிமிஷ நடைதான். வீடுகளைக் கட்டிய அரசுக்கு ராஜா வீட்டைக் கட்ட மனம் வரவில்லை. கம்யூனிஸ்ட் கட்சித் தலைமையில் கோமுல்கா போய் கியெரெக் வந்தபின், 1971-இல்தான் முடிவெடுத்தார்கள். ஆனால் ஸ்டாலின் ‘பரிசாக’ அனுப்பிய 237 மீட்டர் கலாசார மாளிகை 1955-லேயே தயார். அப்படியொரு பரிசை யார் வேண்டாம் என்று சொல்ல முடியும்?

அந்தக் கலாசார மாளிகையின் முகப்பில் புத்தகத்தோடு ஒரு இளைஞன் சிலை இருக்கிறது, போனால் பாருங்கள். புத்தகத்தில் மார்க்ஸ், எங்கெல்ஸ், லெனின் என்று பெயர்கள். நாலாவது பெயரை அப்புறம் செதுக்கி எடுத்துவிட்டார்கள். அந்த இடத்தில் வெறும் கல்.