ரோமில் கூட்டம் இல்லாத இடங்கள் வேண்டும்: ஐந்து நாள், கூடவே அம்மாவின் முழங்கால்

வடவள்ளிக்காரி:

எல்லோருக்கும் வணக்கம். அக்டோபர் நடுவில் ஐந்து நாள் ரோமில் இருக்கப் போகிறோம். நான், கணவர், அம்மா. இரண்டு வருடம் முன்பு ஒரு டூர் குழுவோடு ஐரோப்பா போனபோது ரோமுக்கு அவர்கள் ஒதுக்கியது ஒரே ஒரு பகல். கொலோசியத்துக்கு வெளியே நின்று போட்டோ, ட்ரெவி நீரூற்றில் இருபது நிமிடம், அதில் பதினைந்து நிமிடம் எங்கள் பஸ்ஸில் வந்த ஒரு மாமா எங்கேயோ தொலைந்துபோய் அவரைத் தேடுவதிலேயே கழிந்தது, அப்புறம் வாடிகன், அப்புறம் ஊருக்கு வெளியே ஒரு ஹாலில் பன்னீர் பட்டர் மசாலா. ஊர் திரும்பியதும் அம்மா கேட்டார், "நாம ரோமைப் பாத்தமா, ரோம் நம்மளைப் பாத்துச்சா?"

அதனால் இந்த முறை பெரிய இடங்களைத் துரத்தப் போவதில்லை. நிதானமாக உட்கார்ந்து பார்க்கிற மாதிரி, பக்கத்தில் நாலு பேர் செல்ஃபி குச்சியோடு இடிக்காத மாதிரி என்னென்ன இருக்கிறது? அம்மாவுக்கு 63 வயது, பழைய கல்வெட்டு, கோயில் என்றால் உயிர், ஆனால் முழங்கால் ஒத்துழைக்காது. மூவரும் சைவம். தங்குவது தெர்மினி ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில்.

எஸ்குவிலினோ_வாசி:

அக்கா, நான் இங்கே படிக்க வந்து இப்போது ஏழாவது வருடம். நீங்கள் தங்கும் இடத்திலிருந்தே தொடங்கலாம்.

தெர்மினியிலிருந்து சாந்தா மரியா மஜோரே பெரிய தேவாலயத்துக்கு எல்லோரும் போவார்கள். அதை ஒட்டி ஒரு சந்தில் சாந்தா பிராஸ்ஸேதே என்று இன்னொன்று இருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் ஏதோ பழைய வீட்டின் பக்கவாட்டுக் கதவு மாதிரிதான் இருக்கும், அதனால் முக்கால்வாசிப் பேர் கவனிக்காமலே நடந்துவிடுகிறார்கள். உள்ளே ஒன்பதாம் நூற்றாண்டு மொசைக். முதலாம் பஸ்கால் என்ற போப் கட்டியது. வலது பக்கம் சான் ஜெனோ என்று ஒரு சின்ன அறை, சுவர், கூரை எல்லாம் தங்க மொசைக். அறை இருட்டாகத்தான் இருக்கும், பயப்பட வேண்டாம், ஒரு பெட்டியில் சில்லறை போட்டால் விளக்கு எரியும், சில நிமிடத்தில் தானாக அணைந்துவிடும். அந்த வெளிச்சத்தில் ஓர் ஓரத்தில் ஒரு பெண்ணைத் தேடுங்கள். மற்றவர்களுக்கெல்லாம் தலைக்குப் பின்னால் ஒளிவட்டம், இவருக்கு மட்டும் சதுரம். பெயர் தியோடோரா, அந்தப் போப்பின் அம்மா. படம் செய்தபோது உயிரோடு இருந்தவர்களுக்குச் சதுரம் போடுவது அந்தக் கால வழக்கம். போப்புக்கும் நடு மாடத்தில் அதே சதுரம்தான். அம்மாவை நினைத்து மகன் கட்டிய அறை என்பதால் உங்கள் அம்மாவோடு போய்ப் பார்க்க வேண்டிய இடம் என்று நினைக்கிறேன்.

அடுத்தது சான் கிளெமெந்தே. கொலோசியத்திலிருந்து கொஞ்ச தூரம்தான், அங்கே இருக்கிற கூட்டத்தில் பத்தில் ஒரு பங்குகூட இங்கே வராது. மேலே இருப்பது 12ஆம் நூற்றாண்டுத் தேவாலயம். அதற்குக் கீழே நாலாம் நூற்றாண்டுத் தேவாலயம். அதற்கும் கீழே முதல் நூற்றாண்டு ரோமானியக் கட்டடங்கள், அதில் காளையைக் குத்தும் மித்ரா தெய்வத்துக்கு ஒரு கோயில். 1857இல் முல்லூலி என்ற அயர்லாந்துப் பாதிரியார் தோண்ட ஆரம்பிக்கும் வரை கீழே இவ்வளவு இருப்பது வெளியே தெரியாது. கடைசி அடுக்கில் சுவருக்குப் பின்னால் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்கும், இன்றைக்கும் ஓடுகிறது.

நடு அடுக்கில் ஒரு சுவரோவியத்தை விட்டுவிடாதீர்கள். சிசின்னியுஸ் என்ற அதிகாரி புனித கிளெமெந்தைக் கட்டி இழுத்துவரச் சொல்கிறான், வேலைக்காரர்கள் கண்கட்டு வித்தையில் மாட்டி, அவரை இழுப்பதாக நினைத்துக்கொண்டு ஒரு கல்தூணை இழுக்கிறார்கள். அவன் கத்துவதைப் பக்கத்திலேயே எழுதியிருக்கிறார்கள், நம்ம காமிக்ஸில் எழுதுகிற மாதிரி. நாகரிகமாகச் சொன்னால் "தே... மவனுங்களா, இழுங்கடா". 11ஆம் நூற்றாண்டின் கடைசியில், லத்தீன் இல்லாமல் தெருவில் பேசிய மொழியிலேயே எழுதியது, இத்தாலிய மொழியின் மிகப் பழைய எழுத்துகளில் ஒன்று. தேவாலயச் சுவரில். கல்வெட்டு பிடிக்கும் அம்மாவுக்கு இதை எப்படி மொழிபெயர்ப்பது என்பது உங்கள் பாடு. போட்டோ எடுக்க அனுமதி இல்லை.

ஒன்று முக்கியம்: இங்கே பெரும்பாலான சின்னத் தேவாலயங்கள் மதியம் பூட்டிவிட்டு மூன்று, நாலு மணிக்குத்தான் திறப்பார்கள். நம்ம ஊர் கோயில் நடை சாத்துவது மாதிரியே நினைத்துக்கொள்ளுங்கள்.

சோழிங்கநல்லூர்_சோம்பேறி:

மேடம், முதலில் ஓர் எச்சரிக்கை. "ரோமின் ரகசிய இடங்கள்" என்று ரீல்ஸில் வருவதை நம்பாதீர்கள். அவென்டைன் குன்றில் ஒரு பூட்டிய கதவு, சாவித் துவாரத்தில் கண்ணை வைத்தால் தோட்டச் செடிகளுக்கு நடுவே சரியாக புனித பேதுரு தேவாலயக் குவிமாடம் தெரியும் என்பார்கள். தெரியும்தான். நான் போனபோது அந்தத் துவாரத்துக்கு நாற்பது நிமிட வரிசை, பத்து விநாடி தரிசனம், பின்னால் நிற்பவர் தொண்டையைச் செருமுகிறார். இதற்குத் திருப்பதி போயிருந்தால் லட்டாவது கிடைத்திருக்கும்.

என்னைக் கேட்டால் ஒரு முழு நாளை ஓஸ்தியா அந்திகாவுக்குக் கொடுங்கள். மெட்ரோ பி வழியில் பிராமிதே நிலையம், அங்கேயே ஒட்டினாற்போல் போர்த்தா சான் பவோலோ நிலையத்தில் லிதோ ரயில், அரை மணி நேரம், நகரப் பேருந்துக்கு வாங்குகிற அதே சாதாரண டிக்கெட் போதும். உள்ளே நுழையத் தனி டிக்கெட். எரிமலைச் சாம்பலில் புதைந்த பொம்பெய்க்கு ஓடுகிறவர்கள் பாதிப் பேருக்கு இப்படி ஒன்று இவ்வளவு பக்கத்தில் இருப்பதே தெரியாது.

ரோமின் பழைய துறைமுக ஊர் இது. ஆறு வழி மாறி, மண் மூடி, அப்படியே நின்றுவிட்டது. பெரிய அரண்மனை எதுவும் கிடையாது, அதுதான் அழகு. பேக்கரி, மூன்று மாடிக் குடியிருப்பு, தீயணைப்பு வீரர்களின் கொட்டடி, சுவரில் காய்கனி வரைந்து வைத்த ஒரு சாப்பாட்டுக் கடை, இருபது பேர் வரிசையாகப் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஊர்க்கதை பேசுகிற பளிங்குக் கழிப்பறை. நாடக அரங்குக்குப் பின்னால் வணிகர்களின் அலுவலக வரிசை, ஒவ்வொரு வாசலிலும் தரையில் கறுப்பு வெள்ளை மொசைக்: கப்பல், கலங்கரை விளக்கு, மீன், ஒன்றில் யானை. எழுதப் படிக்கத் தெரியாதவனும் எந்த ஊர்க் கம்பெனி என்று கண்டுபிடிக்கலாம். நான் அந்த யானைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துதான் கொண்டுபோன புளியோதரையைச் சாப்பிட்டேன். திங்கட்கிழமை விடுமுறை, மறக்காதீர்கள்.

லலிதாம்மா_முழங்கால்:

கண்ணு வடவள்ளி, மேலே இரண்டு தம்பிகளும் நல்லாத்தான் எழுதியிருக்கிறார்கள், ஆனால் இரண்டு பேருக்கும் முழங்கால் என்று ஒன்று இருப்பது இன்னும் தெரியாது. எனக்கு வயது 66, இரண்டு பக்கமும் தேய்மானம், போன வருடம் மகளோடு ரோமில் ஒரு வாரம் இருந்தேன்.

சான் கிளெமெந்தேயில் கீழே இறங்கப் படி, திரும்ப ஏறவும் படி, தரை ஈரம். நான் நடு அடுக்கு வரை இறங்கிவிட்டு அங்கேயே ஓர் ஓரமாக உட்கார்ந்துவிட்டேன், மகள் மட்டும் மித்ராவைப் பார்த்துவிட்டு வந்தாள். ஓஸ்தியாவில் பழைய கருங்கல் பாதை, ஒவ்வொரு கல்லும் இட்லிச் சட்டி மூடி மாதிரி உருண்டு கிடக்கும். ஓரத்துப் புல்லில் நடக்கலாம். கைத்தடி கட்டாயம், வெட்கப்பட வேண்டாம். ஊருக்குள்ளும் பல தெருக்களில் சதுரக் கல் பாவிய தரைதான், மெத்தென்ற ஷூ இல்லாமல் வராதீர்கள்.

எனக்கு ரொம்பப் பிடித்த இடம் நீர்க்கால்வாய்ப் பூங்கா, மெட்ரோ ஏ வழியில் ஜூலியோ அக்ரிகோலாவில் இறங்கி நேராக நடந்தால் வரும். மண் பாதை, மேடு பள்ளம் அதிகம் இல்லை. கிளாவுதியுஸ் மன்னர் கி.பி. 52ஆம் ஆண்டில் முடித்த கால்வாய், கல் வளைவு வளைவாக, எட்டு ஒன்பது மாடி உயரத்துக்கு, வயல்வெளியில் போய்க்கொண்டே இருக்கும். டிக்கெட் கிடையாது, வாசலே கிடையாது. சாயங்காலம் ஐந்து மணிக்குப் போனோம். பக்கத்து அடுக்குமாடிக் குடியிருப்பு ஜனங்கள் நாயோடு நடக்கிறார்கள், ஒரு தாத்தா வளைவு நிழலில் மடக்கு நாற்காலி போட்டு ரேடியோ கேட்கிறார். வெயில் சாயச் சாயக் கல் அப்படியே வெல்லப்பாகு நிறத்துக்கு வந்தது. எனக்கு எழுந்து வரவே மனதில்லை.

போகிற வழியில் சான் ஜொவான்னி நிலையத்தில் இறங்கி சி வழித்தட மெட்ரோவுக்கு மாறுகிற பக்கம் போய்ப் பார். 2018இல் திறந்தது. தோண்டும்போது கிடைத்ததையெல்லாம் அந்த நிலையத்துக்குள்ளேயே கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கிறார்கள். எஸ்கலேட்டரில் கீழே போகப் போக, இந்த ஆழத்தில் இந்தக் காலம் என்று சுவரில் எழுதியிருக்கும். ஜாடி, குழாய், தோட்டக்காரன் தின்று போட்ட பீச் பழக் கொட்டைகூட இருக்கிறது. படி ஏறாமல் இரண்டாயிரம் வருடம் இறங்கியது அங்கே மட்டும்தான்.

தண்ணீர் பாட்டில் காசு கொடுத்து வாங்காதே. தெருமுனைக்குத் தெருமுனை இரும்புக் குழாய் இருக்கும், நாசோனி என்பார்கள், பெரிய மூக்கு என்று அர்த்தமாம். நல்ல குளிர்ந்த தண்ணீர், எந்நேரமும் கொட்டிக்கொண்டே இருக்கும். குனிய வேண்டாம், மூக்கு நுனியை விரலால் அடைத்தால் மேலே ஒரு ஓட்டை வழியாகப் பீய்ச்சி வரும், அப்படியே குடிக்கலாம். முதல் தடவை மட்டும் கொஞ்சம் தள்ளி நில்லு. எனக்குப் புடவை முந்தானை நனைந்தது.

மிளகுரசம்:

ஒருவரும் தெஸ்தாச்சோ பகுதியைச் சொல்லவில்லையே. பிராமிதே நிலையத்திலிருந்து பத்து நிமிட நடை. அங்கே ஒரு குன்று இருக்கிறது, சுமார் 35 மீட்டர் உயரம், புல் முளைத்து மரம் வளர்ந்து நிற்கும். அது முழுக்க உடைந்த பானை ஓடு. ஸ்பெயினிலிருந்தும் வட ஆப்பிரிக்காவிலிருந்தும் ஆலிவ் எண்ணெய் வந்த ஜாடிகள், எண்ணெய் ஊறி நாறியதால் திரும்பப் பயன்படுத்த முடியாது, உடைத்து அடுக்கி, வாடை போகச் சுண்ணாம்பு தூவி, மேலும் மேலும் அடுக்கியிருக்கிறார்கள். பல ஓடுகளில் எடை, ஏற்றியவர் பெயர், வருடம் எல்லாம் மையால் எழுதியிருக்கிறது, அதாவது ரோம் தன் கணக்குப் பேரேட்டைக் குப்பைமேட்டில் சேமித்து வைத்திருக்கிறது. மேலே ஏற முன்பதிவு வேண்டும், ஆனால் அடிவாரத்தைக் குடைந்து கட்டிய சாப்பாட்டுக் கடைகள் சிலவற்றில் பின்சுவரில் கண்ணாடி போட்டு ஓட்டு அடுக்கைக் காட்டுகிறார்கள்.

அதே பகுதியில் செஸ்தியுஸ் பிரமிடு, அந்தப் பெயருடைய ரோமானிய அதிகாரியின் கல்லறை. 330 நாளில் கட்டியதாக அதிலேயே பொறித்திருக்கிறது, நம்ம ஊர் மேம்பாலக் காண்ட்ராக்டர்களைக் கூட்டிப்போய்க் காட்டலாம். பிரமிடு நிழலில் கத்தோலிக்கர் அல்லாதவர்களின் கல்லறைத் தோட்டம், கவிஞர் கீட்ஸ் அங்கேதான். அமைதி, பூனைகள், உட்கார பெஞ்சு. அடுத்த மெட்ரோ நிலையம் கார்பதெல்லா, அங்கிருந்து கொஞ்சம் நடந்தால் மோந்தெமார்த்தினி: 1912இல் தொடங்கிய மின் நிலையம், இப்போது அருங்காட்சியகம். கறுப்பு டீசல் எஞ்சினுக்கு முன்னால் வெள்ளைப் பளிங்குச் சிலை. நான் போன அன்று ஒரு கூடம் முழுக்க நானும் காவலாளியும் மட்டும், அவர் குறுக்கெழுத்து போட்டுக்கொண்டிருந்தார். இதுவும் திங்கள் விடுமுறை.

கோயம்புத்தூர்க்காரர் என்பதால் ஒன்று. உங்கள் பக்கம், கரூர்ப் பக்கமெல்லாம் ரோமானியக் காசு குவியல் குவியலாகக் கிடைத்ததே, அந்தக் காசுக்குப் போன மிளகு போய்ச் சேர்ந்த இடம் ரோமின் பழைய நகர மையமான ஃபோரத்தில் இருக்கிறது. டொமிஷியன் மன்னர் அங்கே மிளகுக்கென்றே கிடங்கு கட்டினார், அதன் மேல்தான் பிற்பாடு மாக்ஸென்டியுஸ் மன்னரின் பெரிய மண்டபம் எழுந்தது. கி.பி. 408இல் கோத் இனத் தலைவன் அலாரிக் ரோமை முற்றுகையிட்டபோது தங்கம், வெள்ளியோடு 3,000 ராத்தல் மிளகும் கேட்டு வாங்கினான். அந்த மண்டபத்தின் மூன்று வளைவு முன்னால் நிற்கும்போது அம்மாவிடம் சொல்லுங்கள். அப்புறம் ராத்திரி காச்சோ எ பெப்பே சாப்பிடுங்கள், வெறும் பாஸ்தா, பெகோரினோ என்கிற செம்மறிப் பாலாடைக்கட்டி, மிளகு, அவ்வளவுதான். கண்டிப்பான சைவம் என்றால் மட்டும் யோசிக்கணும், பெகோரினோ கட்டியை உறையவைக்க ஆட்டுக்குட்டியின் இரைப்பையிலிருந்து எடுத்ததைச் சேர்ப்பார்கள்.

வடவள்ளிக்காரி:

எல்லோருக்கும் பெரிய நன்றி. அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். மிளகுக் கிடங்கும் சதுர ஒளியும் உறுதி. "இழுங்கடா" சுவருக்கு நடு அடுக்கு வரை மட்டும் இறங்கப் போகிறார், லலிதாம்மா உட்கார்ந்த அதே ஓரத்தில் உட்கார வேண்டுமாம். பெகோரினோ விஷயம் கேட்டதும் முகம் மாறிவிட்டது, அதனால் எஸ்குவிலினோ தம்பி, ஒரே ஒரு கேள்வி: அறையில் அடுப்பு இருக்கிறது, காய் எங்கே வாங்குவது?

எஸ்குவிலினோ_வாசி:

பியாட்சா வித்தோரியோ பக்கத்து மூடிய சந்தை, அக்கா. தெர்மினியிலிருந்து பத்து நிமிட நடை. பாதிக் கடை வங்கதேசத்துக்காரர்கள்: வெண்டை, பாகல், பச்சைமிளகாய், கொத்தமல்லி எல்லாம் உண்டு, கறிவேப்பிலை சில நாள் வரும். காலையில் போங்கள், ஞாயிறு கிடையாது. லலிதாம்மா சொன்ன படி விஷயம் சரிதான், எனக்குத் தோன்றவே இல்லை, மன்னிக்கவும். சந்தைக்குப் போகும் வழியில் அந்தச் சதுக்கத்துப் பூங்காவுக்குள் ஒரு கல் கதவு நிலை நிற்கும், இரண்டு பக்கமும் குள்ளச் சிலைகள், நிலை முழுக்க இரசவாதக் குறிகள். 17ஆம் நூற்றாண்டில் தங்கம் செய்யப் பார்த்த ஒரு பிரபுவின் வீட்டு வாசல், வீடு போய்விட்டது, கதவு மட்டும் பாக்கி. எழுத்தைப் படிக்க அம்மாவுக்குக் கண்ணாடி வேண்டியிருக்கும், வேலிக்கு வெளியே நின்றுதான் பார்க்க முடியும்.