மறு: ‘லீவ் டு அப்பீல்’: அனுமதியா, இசைவா?

ஐயா, வணக்கம்.

அப்பீல் போடுவதற்கு முன் கோர்ட்டிடம் கேட்டு வாங்க வேண்டிய சம்மதம்தான் ‘லீவ் டு அப்பீல்’. அதற்குத் தமிழாக நீங்கள் முன்வைத்த ‘மேல்முறையீட்டு அனுமதி’யில் எனக்கு ஒரு சங்கடம். சேலம் அஸ்தம்பட்டி கோர்ட்டில் வக்கீல் குமாஸ்தாவாகப் பல வருடம் கேஸ் கட்டு சுமந்தவன் என்ற உரிமையில் எழுதுகிறேன்.

செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுப் பட்டறை வைத்திருந்த கட்சிக்காரர் ஒருவர். சரக்கு எடுத்தவர் கொடுத்த செக் திரும்பிவிட்டது. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் செக் கொடுத்தவருக்கு விடுதலை. அப்பீல் போட அனுமதி கேட்டு சென்னை உயர் நீதிமன்றத்தில் மனு போட்டோம். “அனுமதி கிடைச்சிருச்சு” என்று போனில் சொன்னேன். “அப்ப ஜெயிச்சுட்டோங்களா? பணம் எப்ப வருங்க?” என்றார்.

அவர் மேல் தப்பில்லை. ஜெயித்த அப்பீலுக்கும் ‘மேல்முறையீடு அனுமதிக்கப்படுகிறது’ என்றுதானே தீர்ப்பில் எழுதுகிறோம்? வாசல் திறப்பதும் அனுமதி, வழக்கு ஜெயிப்பதும் அனுமதி. ‘உயர் நீதிமன்றம் அனுமதி தந்து, பிறகு மேல்முறையீட்டை அனுமதித்தது’ என்று எழுதிப் பாருங்கள், சிக்கல் தெரியும்.

இது சின்ன விஷயமும் இல்லை. விடுதலையை எதிர்த்து அரசு உயர் நீதிமன்றம் போனால் இந்தப் படியைத் தாண்டித்தான் ஆக வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 378வது பிரிவு, 1.7.2024 முதல் அதன் இடத்துக்கு வந்த புதிய சட்டத்தில் 419. போலீஸ் வழியாக இல்லாமல் ஒருவர் நேரே கோர்ட்டில் கொடுத்த புகாரில் நடந்த வழக்கு என்றால், அந்தப் புகார்தாரர் கேட்க வேண்டியது ‘ஸ்பெஷல் லீவ்’. அதற்குக் கெடு 60 நாள், புகார்தாரர் அரசு ஊழியராக இருந்தால் 6 மாதம். அதை மறுத்துவிட்டால் அந்த விடுதலையை எதிர்த்து அரசும் அப்பீல் போக முடியாது. இவ்வளவு கனமான கதவுக்குத் தனிப்பெயர் வேண்டாமா?

‘ஒப்புதல்’ என்று நண்பர் ஒருவர் சொன்னார். குற்ற வழக்கில் ஒப்புதல் என்றால் வாக்குமூலம்தான் நினைவுக்கு வரும், வேண்டாம். ‘விடுப்பு’ பள்ளிக்கூடத்துக்குப் போகட்டும். ‘உத்தரவு’ எனக்குப் பிடித்த சொல். ‘உத்தரவு வாங்கிக்கிறேன்’ என்று பெரியவர்கள் விடைபெறும்போது அதில் அனுமதியும் இருக்கிறது, விடையும் இருக்கிறது. ஆனால் கோர்ட்டில் அது ‘ஆர்டர்’ என்ற வேறு வேலையில் சேர்ந்துவிட்டது.

என் ஓட்டு ‘மேல்முறையீட்டு இசைவு’க்கு. மனுவுக்கு ‘இசைவு மனு’, ஸ்பெஷல் லீவுக்குத் ‘தனி இசைவு’. இசைவு என்பது இரு தரப்பு சம்மதம்தானே, நீதிபதி யாருக்குச் சம்மதிக்கிறார் என்று கேட்பீர்கள். நியாயம்தான். ஆனாலும் ‘இசைவு கிடைத்தது’ என்றால் யாரும் பணத்தை எண்ணத் தொடங்க மாட்டார்கள்.

இதில் ஒரு விலக்கும் உண்டு: குற்றத்தால் பாதிக்கப்பட்டவர் அப்பீல் போக இந்த இசைவே தேவையில்லை என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. செக் வழக்கின் புகார்தாரரும் பாதிக்கப்பட்டவர்தான் என்றது 2025 தீர்ப்பு. அந்தக் கொலுசுக்காரர் இன்று வந்தால் சென்னைக்கு ரயில் ஏற வேண்டாம், அஸ்தம்பட்டியிலேயே செஷன்ஸ் கோர்ட்டில் போடலாம்.

அப்புறம், அரசியலமைப்பின் 136வது பிரிவில் உச்ச நீதிமன்றத்தில் போடும் ‘ஸ்பெஷல் லீவ்’ மனுவுக்குப் பத்திரிகைகள் எழுதும் ‘சிறப்பு அனுமதி மனு’வை என்ன செய்வது? ஊறிப்போன சொல், தொட வேண்டாம் என்பது என் கட்சி. ஒரே சொல்லுக்கு இரண்டு தமிழா என்று நீங்கள் கோபப்படுவீர்கள். பட்டாலும் சரி, பதில் போடுங்கள்.