தென்னை மட்டைக்கு அடியில் கிடைத்த மந்திரம்

நான் சில வருடமாக எழுதிவரும் கற்பனை உலகத்தில் மந்திர சக்திக்கு 'ஊறல்' என்று பெயர். கிணற்றில் நீர் ஊறுவதுபோல் மண்ணிலிருந்து ஊறி வருவது. ஆரம்பத்தில் அதை நிலவோடு கட்டியிருந்தேன். பௌர்ணமிக்குப் பெருகும், அமாவாசைக்கு வற்றும். எழுத வசதியாக இருந்தது, ஆனால் அதில் உயிர் இல்லை. வற்றிய சக்தி எங்கே போகிறது, எதைத் தின்று மறுபடி வளர்கிறது என்று யோசித்தால் ஒன்றும் பிடிபடாது.

பிடிபட்டது ஒரு மே மாதக் கடைசியில். பொள்ளாச்சியிலிருந்து டாப்ஸ்லிப் போகும் வழியில் சேத்துமடைப் பக்கம் மாமாவுக்குத் தென்னந்தோப்பு இருக்கிறது. இரண்டு கோடை மழை பெய்து மண் நனைந்திருந்தது. ராத்திரி சாப்பிட்டதும் ஓடைக்கரைக்குக் கூட்டிப்போனார். நான் கையில் டார்ச் வைத்திருந்தேன்.

"அத அணைச்சுப் போடு கண்ணு. வெளிச்சம் பட்டா அதுக வராது."

அணைத்தேன். முதலில் கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை. அப்புறம் அங்கொன்று இங்கொன்றாக மின்மினிகள். ஊரில் பார்த்ததுதானே என்று நினைத்தேன். அரைமணி நேரம் போயிருக்கும், ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு மரம் முழுவதும் ஒரே நேரத்தில் மின்னி அடங்கியது. அது அடங்கும்போது பக்கத்து மரம். பிறகு அடுத்தது. கொல்லன் உலையில் துருத்தி ஊத ஊதக் கங்கு சிவந்து அடங்குமே, அப்படி, ஆனால் பச்சை கலந்த மஞ்சளில், சூடே இல்லாமல், கரை நெடுக வெளிச்சம் ஓடியது. இவ்வளவு பெரிய அசைவுக்குச் சத்தமே இல்லை. தவளைகள் மட்டும் கத்திக்கொண்டிருந்தன. எனக்கு அழுகை வந்துவிட்டது.

ஊருக்குத் திரும்பியதும் தேடித் தேடிப் படித்தேன். இதே மலையில், ஆனைமலைப் புலிகள் காப்பகத்தின் உலாந்தி வனச்சரகத்தில், மின்மினிகள் பெருங்கூட்டமாக ஒத்திசைந்து ஒளிர்வதை 2022-ல் பதிவு செய்திருக்கிறார்கள். ஒன்று மின்னுவதைப் பார்த்து அடுத்தது தன் நேரத்தைச் சரிசெய்துகொள்கிறது. தாளம் போட அவற்றுக்குத் தலைவன் கிடையாது. இதை ஒரு காலத்தில் நம்பாதவர்களும் இருந்தார்கள். 1917-ல் சயின்ஸ் இதழில் ஒருவர், பார்ப்பவரின் கண்ணிமை துடிப்பதால்தான் அப்படித் தோன்றுகிறது என்று எழுதினார். அந்த ஓடைக்கரையில் நின்ற பிறகு அவர்மேல் எனக்கு இரக்கம்தான் வருகிறது. அவர் கண்ணுக்கு இது கிடைக்கவில்லை.

ஆனால் என் கதையை மாற்றியது அந்த மரங்கள் இல்லை. திரும்பி நடக்கும்போது காலடியில் ஒரு வெளிச்சம் கிடந்தது. மின்னவில்லை, மங்கலாக நின்று எரிந்தது. மாமா குனிந்து மட்கிய மட்டையைத் தூக்கினார். கருப்பாக, தகடு தகடாக ஒரு புழு, ஒரு நத்தை ஓட்டுக்குள் தலையை விட்டிருந்தது.

"இதுதான் அது" என்றார்.

மின்மினியின் வாழ்நாளில் பெரும்பகுதி இந்தப் புழுப் பருவம்தான். மாதக்கணக்கில், சில இனங்களில் ஒரு வருடத்துக்கும் மேல், ஈர மண்ணில் நத்தையையும் மண்புழுவையும் தின்று வளர்கிறது. கடித்து, விஷம் செலுத்தி, இரையைக் குழம்பாக்கி உறிஞ்சுகிறது. சிறகு முளைத்துப் பறப்பது கடைசி இரண்டு மூன்று வாரம்தான். அப்போது பல இனங்கள் சாப்பிடுவதே இல்லை. மரத்தில் நாம் பார்ப்பது எல்லாம் மண்ணுக்குள் தின்று சேர்த்தது.

நிலவை அன்றைக்கே என் கதையிலிருந்து எடுத்துவிட்டேன். இப்போது ஊறலுக்கு நீண்ட இருட்டுப் பருவம் உண்டு. பதினோரு மாதம் அது மண்ணில் ஊர்ந்து தின்னும். அப்போது எந்த மந்திரவாதியாலும் ஒரு விளக்குத் திரியைக்கூட ஏற்ற முடியாது. மழைக்கு முந்தைய மூன்று வாரம் மட்டும் எழும்பி வரும். அந்த மூன்று வாரமும் அது எதையும் ஏற்றுக்கொள்ளாது, கொடுக்க மட்டுமே செய்யும். என் நாயகி இப்போது சதுப்பில் நத்தை வளர்ப்பவளின் மகள். அரண்மனை மந்திரவாதிகள் வானத்தையே பார்த்துக்கொண்டிருக்க, இந்த வருடம் ஊறல் எவ்வளவு வரும் என்பதை நத்தை ஓடுகளை எண்ணி அவள் சொல்லிவிடுவாள்.

என் கதையின் தலைநகரத்தில் ஊறல் வராமல் போன காரணமும் மாமாவிடமிருந்து வந்ததுதான். பக்கத்துத் தோப்பில் ராவெல்லாம் எரியும் பெரிய எல்இடி விளக்கு போட்டிருக்கிறார்கள், மருந்தும் அடிக்கிறார்கள், அந்தப் பக்கம் மூன்று வருடமாக ஒன்றுகூட இல்லை என்றார். ஆணும் பெண்ணும் ஒன்றையொன்று கண்டுகொள்வதே அந்த மின்னலை வைத்துத்தான். விளக்கு வெளிச்சத்தில் அது கரைந்துவிடுகிறது. என் தலைநகரத்து மக்கள் மந்திரத்தைக் கொண்டாட வீதி வீதியாக விளக்கேற்றினார்கள். நூறு வருடத்தில் மந்திரம் அந்த ஊரைவிட்டுப் போய்விட்டது.

மலேசியாவில் கோலா சிலாங்கூர் பக்கம், ஆற்றங்கரை மரங்களில் வருடம் முழுவதும் மின்மினிகள் இப்படி ஒளிருமாம். அங்கேயும் புழுக்கள் கரையோரம் நத்தை தின்றுதான் வளர்கின்றன. பருவமே இல்லாமல் ஊறல் வற்றாத ஒரு தீவை அதிலிருந்து எழுதலாம். அங்கே பிறந்தவர்களுக்கு இருட்டுப் பருவம் என்றால் என்னவென்றே தெரிந்திருக்காது.

இந்த மே கடைசியிலும் சேத்துமடை போகிறேன். ஓடைக்கரை ஓரம் விழுந்த மட்டைகளை மாமா இந்த வருடம் அள்ளவில்லை, அப்படியே மட்க விட்டிருக்கிறார்.